வாரநாள் ராத்திரிக்கு ஒரு பீட்சா கேசரோல்: தண்ணிய மட்டும் கவனிச்சா போதும்

எங்க வீட்ல முதல் தடவ "இன்னைக்கு நைட் கேசரோல்"னு சொன்னப்ப மாமியார் நேரா ஷெல்ஃபுல இருந்து சப்பாத்தி வெக்கிற ஹாட் பாக்ஸ எடுத்து தொடச்சு மேடையில வெச்சிட்டாங்க. அவங்க மேல தப்பில்ல, நம்ம ஊர்ல கேசரோல்னா அந்த டப்பாதான். பிரெஞ்சுலயும் அது பாத்திரத்தோட பேருதான், எந்த பாத்திரத்துல சமைக்கிறாங்களோ அதுலயே பரிமாறுறதால அந்த பேரே சாப்பாட்டுக்கும் ஒட்டிக்கிச்சு. நம்ம தட்டு இட்லி மாதிரின்னு வெச்சுக்கோங்களேன்.

விஷயம் என்னன்னா, பீட்சாவோட ருசி மொத்தமும் வேணும் ஆனா மாவு பிசைஞ்சு பொங்க வெச்சு தேய்ச்சு எல்லாம் புதன்கிழமை ராத்திரி நம்மளால முடியாது. ஆபீஸ் பஸ் ஓஎம்ஆர் டிராஃபிக்ல ஊர்ந்து பெரம்பூர் வந்து சேரவே ஏழேகால் ஆயிடுது. அதனால மாவுக்கு பதிலா பாஸ்தா, அதுமேல பீட்சாவுக்கு போடுற சாஸ், காய், சீஸ் எல்லாம் போட்டு ஓவன்ல தள்ளிட்டா எட்டரைக்கு தட்டுல இருக்கும்.

ஆனா நான் பண்ண முதல் கேசரோல் படு சொதப்பல். பாஸ்தாவ குழைய வேகவெச்சு, தக்காளிய மிக்ஸியில அடிச்சு ரெண்டு கொதி விட்டு அப்படியே ஊத்தி, மஷ்ரூமையும் குடைமிளகாயையும் பச்சையாவே தூவி, ஓவன்ல இருந்து எடுத்தா மேல சீஸ் அழகா செவந்து இருக்கு, கரண்டிய விட்டா அடியில ஒரே குளம். மாமியார் எட்டிப் பாத்துட்டு ரொம்ப பொறுமையா "பரவால்லம்மா, டம்ளர்ல ஊத்திக் குடிச்சிடலாம், ரசம் வெக்கிற வேலை மிச்சம்"னாங்க. அன்னைக்குதான் புரிஞ்சுது இந்த ஐட்டத்துல எதிரி ஒண்ணே ஒண்ணுதான், தண்ணி. தக்காளியில, மஷ்ரூம்ல, குடைமிளகாய்ல எல்லாத்துலயும் 90 சதவீதத்துக்கு மேல தண்ணிதான் இருக்கு. அத வாணலியில விரட்டாம விட்டா அது ஓவன்ல போய் வெளிய வரும், அங்க மூடின பாத்திரத்துல அதுக்கு போக வழியே இல்ல.

சரி, என்னென்ன வேணும்னு சொல்லிடறேன், நாலு பேருக்கு. பென்னே பாஸ்தா 250 கிராம். தக்காளி முக்கால் கிலோ. பெரிய வெங்காயம் ரெண்டு, பூண்டு பத்து பல்லு, குடைமிளகாய் ஒண்ணு, மஷ்ரூம் 200 கிராம் பாக்கெட் ஒண்ணு, ஸ்வீட் கார்ன் ஒரு கைப்பிடி. மோசரெல்லா 200 கிராம், கூட சாதா சீஸ் க்யூப் ஒண்ணு. காஷ்மீரி மிளகாய்த்தூள் ஒரு டீஸ்பூன், உப்பு, கொஞ்சம் சர்க்கரை, ரெண்டு டேபிள்ஸ்பூன் எண்ணெய் (ஆலிவ் ஆயில் இருந்தா நல்லது, இல்லன்னா சன்ஃப்ளவர், நல்லெண்ணெய் மட்டும் தயவுசெஞ்சு வேணாம், மொத்தமும் தொக்கு வாசனை அடிக்கும்). ஆரிகேனோவும் சில்லி ஃப்ளேக்ஸும் கடையில வாங்கவே வேணாம், எல்லார் வீட்டு ஃப்ரிட்ஜ் கதவுலயும் பீட்சா ஆர்டர் பண்ணப்ப வந்த குட்டி குட்டி பாக்கெட் ஒரு பத்தாவது கெடக்கும், அதுங்களுக்கு மோட்சம் குடுக்குற நாள் இது.

பாஸ்தா வாங்கும்போது பாக்கெட்ட திருப்பிப் பாருங்க, டியூரம் வீட் செமோலினான்னு போட்டிருக்கணும். மைதா கலந்தது இதுக்கு சரிவராது, ரெண்டு தடவ வேகுது இல்லையா, ரெண்டாவது தடவ கஞ்சி ஆயிடும்.

தக்காளியில ஒரு குறிப்பு. தெருமுனை கடையில நாட்டு தக்காளி, பெங்களூர் தக்காளின்னு ரெண்டு கூடை வெச்சிருப்பாங்க. நாட்டு தக்காளி நல்ல புளிப்பு ஆனா சாறு ஜாஸ்தி, பெங்களூர் தக்காளி சதைப்பிடிப்பு ஆனா ருசி கொஞ்சம் மந்தம். நான் அரை கிலோ பெங்களூர், கால் கிலோ நாட்டுன்னு கலந்து வாங்குவேன், கெட்டிக்கு அது, புளிப்புக்கு இது. விலை ஏறிப்போச்சுன்னா, 2023 ஜூலையில ரேஷன் கடையில கிலோ 60 ரூபாய்க்கு தக்காளி வித்தாங்களே அந்த மாதிரி சமயத்துல, பாதி தக்காளிய கொறச்சுட்டு ஒரு துண்டு பரங்கிக்காய வேகவெச்சு மசிச்சு சேர்த்துடுவேன், ரெண்டு ஸ்பூன் கெச்சப்பும். பசங்க இதுவரைக்கும் கண்டுபிடிச்சதில்ல.

வேலைய இப்படி ஆரம்பிங்க. வீட்டுக்குள்ள நுழைஞ்சு செருப்ப கழட்டினதும் முதல்ல ஒரு பெரிய பாத்திரத்துல ரெண்டரை லிட்டர் தண்ணி வெச்சுடுங்க, ஒன்றரை டேபிள்ஸ்பூன் உப்பு போட்டு. அது கொதிக்கிறதுக்குள்ள மூஞ்சி கழுவி டிரெஸ் மாத்திட்டு வந்துடலாம். தண்ணியில எண்ணெய் ஊத்தாதீங்க, பாஸ்தா மேல வழுவழுன்னு பூசிக்கிட்டு அப்புறம் சாஸ் ஒட்டாது. பாக்கெட்ல 11 நிமிஷம்னு போட்டிருந்தா 8 நிமிஷத்துல எறக்கிடணும். ஒண்ண எடுத்து பல்லால கடிச்சு உடைஞ்ச பக்கத்த பாருங்க, நடுவுல மெல்லிசா ஒரு வெள்ளை வளையம் தெரியும், அந்த வளையம் இருக்கணும். அது இல்லன்னா லேட் பண்ணிட்டீங்க. அந்த வேகாத நடுப்பகுதிதான் ஓவன்ல சாஸ குடிச்சு மிச்ச வேக்காட்ட முடிச்சுக்கும், அதாவது நமக்காக தண்ணிய உறிஞ்சுற வேலைக்கு ஆள் வெக்கிறோம்.

வடிக்கிறதுக்கு முன்னாடி அந்த தண்ணியில ஒரு டம்ளர் எடுத்து தனியா வெச்சுடுங்க, இது மறக்கக் கூடாது (நான் மறந்திருக்கேன், சிங்க்ல ஊத்திட்டு அதையே வெறிச்சுப் பாத்துக்கிட்டு நின்னிருக்கேன்). நூடுல்ஸுக்கு பண்ற மாதிரி பச்சத்தண்ணியில அலசவும் வேணாம், மேல இருக்கிற மாவுப்பசைதான் சாஸ புடிச்சு வெக்கும்.

பாஸ்தா ஒரு அடுப்புல கெடக்கும்போதே இன்னொரு அடுப்புல அகலமான வாணலி வையுங்க. முதல்ல மஷ்ரூம். எண்ணெயே ஊத்தாம, உப்பும் போடாம, காஞ்ச வாணலியில நறுக்கின மஷ்ரூம பரப்பி பெரிய தீயில விட்டுடுங்க, சும்மா கிளறிக்கிட்டே இருக்க வேணாம். முதல் ரெண்டு நிமிஷம் ஒண்ணும் நடக்காத மாதிரி இருக்கும், அப்புறம் திடீர்னு தண்ணி விட்டு வாணலியே நெறஞ்சு கொதகொதன்னு ஒரு சத்தம் வரும், பயப்படாதீங்க. ஒரு நாலு நிமிஷத்துல அந்த சத்தம் அடங்கி சடசடன்னு மாறும், மஷ்ரூம் பாதியா சுருங்கி ஓரம் லேசா பழுப்பாகும். காதாலயே கண்டுபிடிச்சுடலாம், பதம் அதுதான். அத எடுத்து வெச்சுட்டு அதே வாணலியில ஒரு ஸ்பூன் எண்ணெய் விட்டு குடைமிளகாயையும் கார்னையும் மூணு நிமிஷம் பெரட்டி எடுத்து மஷ்ரூம் கூடவே போட்டுடுங்க, இதுக்கு அவ்வளவு போதும்.

இப்ப சாஸ். தக்காளிய மிக்ஸியில போட்டா காத்து கலந்து ரோஸ் கலர்ல நுரைச்சு நிக்கும், சுண்டுறதுக்கும் நேரம் புடிக்கும். அதுக்கு பதிலா தக்காளிய குறுக்கால ரெண்டா வெட்டி, வெட்டின பக்கம் துருவல்ல படுற மாதிரி வெச்சு கேரட் துருவுற பெரிய கண்ணுல தேய்ங்க, சதையெல்லாம் கீழ கிண்ணத்துல விழுந்து கடைசியில தோல் மட்டும் ஒரு சிவப்பு பொட்டு மாதிரி உள்ளங்கையில மிஞ்சும். முக்கால் கிலோவும் அஞ்சு நிமிஷம் ஆகாது, வேணும்னா பசங்களையும் இழுத்து விடலாம், விரல மட்டும் பாத்துக்கோங்க.

வாணலியில மிச்ச எண்ணெய ஊத்தி, பொடியா நறுக்கின பூண்டப் போட்டு வாசனை வந்ததும் (செவக்க விட்டா கசக்கும்) வெங்காயத்தப் போட்டு கண்ணாடி மாதிரி வதங்கினதும், மிளகாய்த்தூள போட்டு ஒரு பெரட்டு பெரட்டி துருவின தக்காளிய கொட்டிடுங்க. உப்பு, அரை ஸ்பூன் சர்க்கரை. இங்க கை தானா கடுகு டப்பாவுக்கும் மஞ்சத்தூளுக்கும் போகும், கட்டுப்படுத்திக்கோங்க. மூடி போடாம பன்னெண்டு பதினஞ்சு நிமிஷம் கொதிக்கட்டும். மூடி போட்டா ஆவி திரும்ப உள்ளயே சொட்டும், அப்புறம் என் முதல் கேசரோல் கதைதான்.

எப்ப நிறுத்தணும்? தக்காளி தொக்குல எண்ணெய் பிரிஞ்சு மேல வரும்ல, அதுக்கு ஒரு படி முன்னாடி. கரண்டியால வாணலி நடுவுல ஒரு கோடு போடுங்க, அந்தப் பாதை ரெண்டு மூணு செகண்ட் அப்படியே நின்னு மெதுவா மூடிக்கணும். உடனே மூடினா இன்னும் விடணும், மூடவே இல்லன்னா தொக்கு பண்ணிட்டீங்க, நாளைக்கு இட்லிக்கு ஆச்சு.

அடுப்ப அணைச்சுட்டு ஆரிகேனோ ரெண்டு மூணு பாக்கெட் பிரிச்சுப் போடுங்க. பாக்கெட் ரொம்ப பழசாகி வாசனையே இல்லன்னா பால்கனிய பாருங்க, சென்னையில பாதி வீட்டு தொட்டியில கற்பூரவல்லி நிக்கும், ஓமவல்லின்னும் சொல்வாங்க, சளிக்கு கஷாயம் வெக்கிறோமே அதே செடி. ரெண்டே ரெண்டு இலைய பொடிப்பொடியா நறுக்கிப் போட்டுப் பாருங்க. ஆரிகேனோ, கற்பூரவல்லி ரெண்டுலயும் கார்வக்ரால்னு ஒரே வாசனைப் பொருள் இருக்கு, அதனால பீட்சா வாசனை அப்படியே வந்துடும். ரெண்டுக்கு மேல போனா கஷாயம்தான், எச்சரிக்கை. பேசிலுக்கு பதிலா துளசி போடலாமான்னு என் தங்கச்சி கேட்டா, போட்டும் பாத்தா. பெருமாள் கோயில் தீர்த்தத்துல பாஸ்தா போட்ட மாதிரி இருந்துச்சு, வேணாம்.

இப்ப கலக்கணும். சாஸ்ல பாஸ்தாவையும் காயையும் போட்டு, எடுத்து வெச்ச பாஸ்தா தண்ணியில அரை டம்ளர் ஊத்துங்க. இவ்வளவு நேரம் தண்ணி எதிரின்னு சொல்லிட்டு இப்ப ஊத்த சொல்றேனேன்னு தோணும். இது நம்ம அளந்து ஊத்துற தண்ணி, மாவுச்சத்து கலந்த தண்ணி, பாஸ்தாவோட நடு வளையம் வேகறதுக்கு இது வேணும். காய் தன் இஷ்டத்துக்கு விடுற தண்ணிதான் ஆகாது. பதம் எப்படின்னா, பிசிபேளாபாத் அடுப்புல இருந்து எறக்கும்போது கொஞ்சம் தளதளன்னு இருக்கும், பரிமாறும்போது இறுகிடும், அதே மாதிரி இப்ப சாப்பிடறத விட ஒரு சுத்து தளர்வா இருக்கணும். உப்பு இப்பவே பாத்துடுங்க, ஆனா சீஸ் உப்ப மனசுல வெச்சுக்கிட்டு.

சீஸுக்கு ஒரு நிமிஷம் ஒதுக்குங்க. நூல் நூலா இழுக்கணும்னா மோசரெல்லாதான், சாதா ப்ராசஸ்டு சீஸ் உருகும் ஆனா நூல் விடாது. அதே சமயம் மோசரெல்லாவுக்கு தனியா பெரிய ருசி கிடையாது, அதனாலதான் அந்த ஒரு க்யூப், உப்புக்கும் மணத்துக்கும். கட்டியா வாங்கி நாமளே துருவினா நல்லா உருகும், துருவி வர்ற பாக்கெட்ல ஒண்ணோட ஒண்ணு ஒட்டாம இருக்க மாவு மாதிரி ஒண்ணு தூவியிருப்பாங்க. மே மாச சென்னை கிச்சன்ல துருவ ஆரம்பிச்சா பாதியிலயே கைச்சூட்டுல சப்பாத்தி மாவு மாதிரி உருண்டுக்கும், பத்து நிமிஷம் ஃப்ரீசர்ல போட்டுட்டு துருவுங்க.

பாத்திரம் எட்டு இஞ்ச் சதுர கண்ணாடி டிஷ் இருந்தா சரியா இருக்கும். இல்லன்னா கைப்பிடி இல்லாத அகலமான எவர்சில்வர் பாத்திரம் போதும். அலுமினிய கேக் டின் மட்டும் இதுக்கு வேணாம், தக்காளி புளிப்பு பட்டா ஒரு உலோக வாசனை ஏறும். அடியில லேசா எண்ணெய் தடவி, பாதி பாஸ்தா, பாதி சீஸ், மறுபடி பாஸ்தா, மேல மிச்ச சீஸ். ஓரம் வரைக்கும் சீஸ் போகணும், எங்க வீட்ல சண்டையே அந்த ஓரத்துல முறுகின சீஸுக்குத்தான்.

ஓவன் 200 டிகிரி, பத்து நிமிஷம் முன்னாடியே சூடு பண்ணி வையுங்க, நான் சாஸுக்கு கோடு போட்டுப் பாக்குற நேரத்துல ஆன் பண்ணிடுவேன். ஓடிஜி (மேலயும் கீழயும் ராடு வெச்ச கரண்ட் ஓவன்) வெச்சிருக்கிறவங்க பெரிய மூணு பின் 16 ஆம்ப் பாயிண்ட்லதான் சொருகணும். 2000 வாட் ஓவன் 230 வோல்ட்ல கிட்டத்தட்ட 9 ஆம்ப் இழுக்கும், மிக்ஸி போடுற 6 ஆம்ப் பாயிண்ட் அத தாங்காது, எக்ஸ்டென்ஷன் பாக்ஸ் சுத்தமா ஆகாது. கன்வெக்ஷன் மைக்ரோவேவ்ல பண்றவங்க மோட் கன்வெக்ஷன்ல இருக்கான்னு ரெண்டு தடவ பாத்துட்டு அப்புறம் ஸ்டீலோ ஃபாயிலோ உள்ள விடுங்க, மைக்ரோ மோட்ல வெச்சா உள்ளயே தீபாவளி.

டிஷ் மேல ஃபாயில் பேப்பர் சீஸ தொடாத மாதிரி கூடாரமா மூடி 15 நிமிஷம், ஃபாயில் ராடுல படக்கூடாது. அப்புறம் ஃபாயில எடுத்துட்டு இன்னொரு எட்டு பத்து நிமிஷம், கடைசி மூணு நிமிஷம் மேல் ராடு மட்டும். அந்த மூணு நிமிஷம் செல்ஃபோன பாக்காதீங்க, ஓவன் பக்கத்துலயே நில்லுங்க. வெள்ளையா குமிழ் விட்டுக்கிட்டு இருக்கிற சீஸ்ல அங்கங்க தோசை புள்ளி மாதிரி செவப்பு வரும், அதுல இருந்து கருகறதுக்கு ஒரு நிமிஷம் கூட ஆகாது.

ஞாயித்துக்கிழமையே எல்லாம் அடுக்கி ஃப்ரிட்ஜ்ல வெச்சு புதன்கிழமை பேக் பண்றவங்களுக்கு ஒண்ணு. ஃப்ரிட்ஜ் குளிரோட கண்ணாடி டிஷ்ஷ நேரா சூடான ஓவன்ல வெக்காதீங்க. நான் வெச்சேன். டப்புனு ஒரு சத்தம், திறந்தா டிஷ் ரெண்டா பிளந்து, சீஸ் மட்டும் ரெண்டு பக்கத்தையும் புடிச்சு இழுத்துக்கிட்டு நிக்குது. அன்னைக்கு நைட் தயிர்சாதம். டிஷ் அரை மணியாவது வெளிய இருந்து குளிர் விடணும், அவசரம்னா ஸ்டீல்ல அடுக்குங்க. என்னைக் கேட்டா சாஸ மட்டும் ஞாயித்துக்கிழமை டபுளா பண்ணி ஃப்ரீசர்ல போடுறதுதான் புத்திசாலித்தனம், புதன்கிழமை வேலை பாதியாயிடும்.

ஓவனே இல்லையா, பழைய தோசைக்கல்ல அடுப்புல வெச்சு அதுமேல அடிகனமான பாத்திரத்துல இதே மாதிரி அடுக்கி, மூடிக்கு உள்பக்கம் துணி கட்டி (நாலு முனையையும் மேல தூக்கி முடிச்சு போட்டுடுங்க, தீயில தொங்கக் கூடாது) சின்ன தீயில 20 நிமிஷம். துணி ஆவிய உறிஞ்சுக்கும், சீஸ் மேல சொட்டாது. மேல செவக்காது, அடியில முறுகும், அதுவும் ஒரு ருசிதான்.

நான்வெஜ் வேணும்னா ஞாயித்துக்கிழமை மிஞ்சின சிக்கன் வறுவல பிச்சுப் போடுங்க, இல்ல சாசேஜ வட்டமா வெட்டி தனியா வறுத்து எண்ணெய வடிச்சுட்டு சேருங்க. ஆலிவ், ஹாலபினோ பாட்டில் எல்லாம் ஒரு தடவைக்காக வாங்கி ஃப்ரிட்ஜ்ல பூஞ்சை புடிக்க விடறதுக்கு எனக்கு மனசு வர்றதில்ல. எங்க வீட்டுக்காரர் அவர் தட்டுல மட்டும் மோர் மிளகாய வறுத்து நொறுக்கி மேல தூவிப்பார். முதல்ல நான் சிரிச்சேன், இப்ப எனக்கும் சேர்த்து வறுக்கச் சொல்றேன்.

வெளிய எடுத்ததும் பத்து நிமிஷம் தொடாம விடணும், இதுதான் கஷ்டமான ஸ்டெப், ஏன்னா வாசனைக்கு எதிர் ஃப்ளாட் பையன் கூட வந்து நிப்பான். சூட்டோட வெட்டினா சரிஞ்சு பரவிடும், பத்து நிமிஷத்துல மாவுச்சத்தும் சீஸும் இறுகி கத்தி போட்டா துண்டு துண்டா நிக்கும். அந்த நேரத்துல வெள்ளரிக்காயும் வெங்காயமும் நறுக்கி எலுமிச்சை பிழிஞ்சு வெச்சுட்டா கூட தொட்டுக்க ஆச்சு.

மிச்சம் இருந்தா மறுநாள் காலைல மைக்ரோவேவ்ல வெக்காதீங்க, ரப்பர் ஆயிடும். தோசைக்கல்லுல துண்ட வெச்சு பக்கத்துல அரை ஸ்பூன் தண்ணி தெளிச்சு மூடி மூணு நிமிஷம் விடுங்க. அடிப்பக்கம் அடை மாதிரி மொறுமொறுன்னு ஆயிடும், பசங்க டிபன் பாக்ஸுக்கு நான் அததான் குடுத்து அனுப்புறேன். மாமியாரும் அடுப்படியில நின்னுக்கிட்டே ஒரு துண்டு சாப்பிட்டுட்டு, ராத்திரி பண்ணத விட இதுதான் நல்லா இருக்குன்னு சொல்லிட்டு போவாங்க.